2011 நாஸ் பெட்டி, பழைய மினிடிஎல்என்ஏ: புது வீடியோ டிவியில் ஓடவில்லை

அரசலாறு (கும்பகோணம்):
வணக்கம். 2011 மாடல் நாஸ் (வீட்டு நெட்வொர்க்கில் ஃபைல் சேமிக்கும் பெட்டி), 256 எம்பி ராம், 2 டிபி டிஸ்க் இரண்டு, ரெய்டு 1 (இரண்டிலும் ஒரே பிரதி). கம்பெனி அப்டேட்டை நிறுத்திப் பல வருஷமாச்சு. கோயில் நாதஸ்வரக் கச்சேரி, கல்யாண வீடியோ எல்லாம் இதில்தான். போனில் எடுத்தது டிவியில் பெயராகத் தெரிகிறது, ஓடவில்லை. விண்டோஸ் 11இல் ஃபோல்டர் திறக்க மறுக்கிறது. சில தமிழ்ப் பெயர் ஃபைல்கள் காப்பி ஆவதில்லை. ஃபர்ம்வேரை (பெட்டியின் உள் மென்பொருளை) மாற்றலாமா?

குடமுருட்டி (பாபநாசம்):
ஃபர்ம்வேரைத் தொடாதீங்க சார். கோளாறு அதில் இல்லை. மினிடிஎல்என்ஏ (நாஸிலிருந்து டிவிக்கு வீடியோ அனுப்பும் மென்பொருள்) ஃபைலை அப்படியே எடுத்துக் கொடுக்கும், மாற்றித் தராது. போன் எடுப்பது எச்இவிசி என்ற புது வீடியோ வடிவம். பழைய டிவிக்கு அது புரியாது. பிசியில் ஹேண்ட்பிரேக் (வீடியோ மாற்றும் மென்பொருள்) போட்டு எச்.264 (பழைய வடிவம்), 1080பி, ஆர்எஃப் 20 (தர அளவு), ஆடியோ ஏஏசி ஸ்டீரியோ, எம்பி4 என்று மாற்றி ஏற்றுங்க. லெவல் (டிவி தாங்கும் வரம்பு) 4.1 வையுங்க. அதில் 1080பிக்கு நொடிக்கு 30 ஃபிரேம்தான் உச்சம். 60இல் எடுத்ததை 30க்கு இறக்கணும். இதை மறந்தால்தான் சத்தம் வந்து படம் திக்கும்.

பாமணியாறு (மன்னார்குடி):
விண்டோஸுக்காக எஸ்எம்பி1ஐ (நெட்வொர்க்கில் ஃபைல் பகிரும் பழைய முறை) ஆன் செய்யச் சொல்வார்கள், செய்யாதீங்க. 2017இல் வான்னாக்ரை என்ற பணம் பறிக்கும் வைரஸ் புகுந்தது அந்த ஓட்டையில்தான். பெட்டியில் சாம்பா (விண்டோஸுக்கு ஃபைல் பகிரும் மென்பொருள்) 3.6 இருந்தால் கான்ஃபிக் ஃபைலில் 'மேக்ஸ் புரோட்டோகால்' எஸ்எம்பி2 என்று போடுங்க. அந்தப் பதிப்பில் எஸ்எம்பி2 இருந்தும், நாம் போடும் வரை ஆஃப். பாஸ்வேர்டு இல்லாத கெஸ்ட் ஷேரும் வேண்டாம், புது விண்டோஸ் 11 ப்ரோ அதை ஏற்காது. ரவுட்டரில் போர்ட் (இணையத்திலிருந்து உள்ளே வரும் வழி) ஏதும் திறந்திருந்தால் இன்றே மூடுங்க.

பெயர் விஷயம் வேடிக்கையானது. விண்டோஸில் பெயருக்கு 255 குறி வரை இடம். நாஸில் 255 பைட். தமிழ்க் குறி ஒவ்வொன்றும் 3 பைட், புள்ளியும் கொம்பும் தனித்தனிக் கணக்கு. 'ஸ்ரீ' ஒன்றே 12 பைட்! ஆக 85 குறிதான். கோயில் பெயர், வித்வான் பெயர், ராகம், தேதி எல்லாவற்றையும் ஒரே பெயரில் அடுக்கினால் தாண்டிவிடும். ஊரை ஃபோல்டராக்குங்க.

வெண்ணாறு (நீடாமங்கலம்):
எல்லாவற்றுக்கும் முன்னால் ஒரு யுஎஸ்பி டிஸ்க்கில் முழுசாகக் காப்பி எடுங்க. ரெய்டு 1 பேக்கப் ஆகாது. தவறி அழித்தால் இரண்டிலும் போச்சு. ஸ்மார்ட் ரிப்போர்ட்டில் (டிஸ்க்கின் உடல்நிலை அறிக்கை) 5, 197 என்ற எண் வரிகளின் கணக்கு ஏறினால் டிஸ்க் தேய்கிறது. 199 மட்டும் ஏறினால் கேபிள், கனெக்டர். ஐப்பசி மழை ஈரத்தில் இது சகஜம், டிஸ்க்கைப் பழிக்காதீங்க. கரண்ட் போய் வரும்போது நாஸ் ரீஸ்டார்ட் ஆனால் இன்வெர்ட்டரை யுபிஎஸ் மோடில் வையுங்க, மாறும் நேரம் குறையும்.

அரசலாறு:
பெயரைச் சுருக்கியதும் காப்பி ஆகிவிட்டது, நன்றி. ஆனால் டிவி லிஸ்ட்டில் பழைய பெயரே நிற்கிறதே?

குடமுருட்டி:
பழைய இன்டெக்ஸ் (மினிடிஎல்என்ஏ எழுதி வைத்த பட்டியல்) சார். மினிடிஎல்என்ஏவை நிறுத்தி, அதன் கேஷ் ஃபோல்டரில் 'ஃபைல்ஸ் டிபி'யை (files.db) அழித்து மறுபடி ஓட்டுங்க. 256 எம்பி ராமில் மெதுவாகத்தான் போகும். நடுவில் அவசரப்பட்டு ஆஃப் செய்யாதீங்க, பாதி லிஸ்ட்டோடு நிற்கும்.