பொறியாளர் துணைவேந்தர் ஆகும் ஏணி: தென்னாப்பிரிக்காவில் கண்டவை

பெரியா மேடு:
இன்ஜினியரிங் புலத்தில் விரிவுரையாளராகச் சேர்ந்த பிள்ளைகள் டர்பனில் அடிக்கடி கேட்பது இது: துணைவேந்தர் நாற்காலி வரைக்கும் எத்தனை படி? கல்வி விஷயங்களை முடிவு செய்யும் பேராசிரியர் அவையான செனட்டில், தேர்வுக் குழுவில், அங்கீகார ஆய்வில் நீங்கள் பார்த்ததை எழுதுங்கள். சொந்தக் கதை வேண்டாம். படியும் எண்ணும் வரட்டும்.

முதல் படி எல்லோருக்கும் தெரிந்ததுதான். நான்காண்டுப் பட்டம், குறைந்தது 560 கிரெடிட். ஒரு கிரெடிட் என்றால் வகுப்பும் வீட்டுப் படிப்பும் சேர்த்து 10 மணி நேர உழைப்பு. அதன்பின் பொறியியல் மன்றமான எக்சாவில் கேண்டிடேட்டாகப் பதிந்து, குறைந்தது 3 ஆண்டு பயிற்சி முடித்தால் புரொஃபஷனல் இன்ஜினியர். பல்கலைக்கழகத்தில் உட்கார்ந்துகொண்டே இந்தப் பதிவை வாங்குவது கடினம். பாடம் நடத்திய அனுபவத்தை மட்டும் வைத்துப் பொறுப்பேற்று வடிவமைத்ததாகக் காட்ட முடியாது. ஆலோசனைப் பணி ஏதாவது கையில் இருக்க வேண்டும்.

ஆக்லண்ட் பார்க்:
எல்லோரும் சுட்டுகிற எடுத்துக்காட்டு ட்ஷிலிட்ஸி மர்வாலா. 1995இல் அமெரிக்காவின் கேஸ் வெஸ்டர்ன் ரிசர்வில் மெக்கானிக்கல் பட்டம், பிரிட்டோரியாவில் முதுகலை, 2000இல் கேம்பிரிட்ஜில் முனைவர். ஆய்வு, அதிர்வுத் தரவைக் கொண்டு கட்டமைப்பில் பழுதைக் கண்டுபிடிப்பது. ஜோகன்னஸ்பர்க்கின் விட்ஸ் பல்கலைக்கழகத்தில் எலெக்ட்ரிக்கல் பேராசிரியர். 2009இல் ஜோகன்னஸ்பர்க் பல்கலைக்கழகத்தில் இன்ஜினியரிங் டீன், 2013இல் ஆய்வுக்கான டிவிசி (துணைவேந்தருக்கு அடுத்த நிலைப் பதவி), 2018இல் துணைவேந்தர், 2023 மார்ச்சில் டோக்கியோவில் ஐ.நா. பல்கலைக்கழக ரெக்டர். டீன் அறையிலிருந்து துணைவேந்தர் அறைக்கு 9 ஆண்டு. அந்த 9 ஆண்டிலும் அவர் நூல் எழுதுவதை நிறுத்தவில்லை என்பதைத்தான் பார்க்க வேண்டும்.

மெக்கானிக்கல் படித்தவர் எலெக்ட்ரிக்கலில் பேராசிரியர் ஆனதையும் கவனியுங்கள். துறை வேலியைத் தாண்டியவருக்கு டீன் தேர்வில் பக்கத்துத் துறையும் ஆதரவு தரும்.

வால்வு 12:
அது ஆய்வு வழி. தொழில் வழியும் உண்டு அண்ணே. பிரான்சிஸ் பீட்டர்சன் ஸ்டெலன்போஷில் கெமிக்கல் இன்ஜினியரிங் முனைவர். கேப் டெக்னிகான் என்ற தொழில்நுட்பக் கல்லூரியில் துறைத் தலைவராக இருந்து, கனிம ஆய்வு நிறுவனமான மின்டெக்குக்கும், அங்கிருந்து பிளாட்டினம் சுரங்க நிறுவனத்துக்கும் போனார். பிறகு கேப்டவுன் பல்கலைக்கழகத்தில் டீன், டிவிசி. 2017இல் ஃப்ரீ ஸ்டேட் துணைவேந்தர், 2024 அக்டோபரில் பிரிட்டோரியா துணைவேந்தர்.

பல்கலைக்கழகத்தை ஆளும் கவுன்சில்காரர்களுக்கு இப்படிப்பட்டவரைப் பிடிக்கும், ஏனென்றால் பேலன்ஸ் ஷீட்டைக் கண்டு மிரளமாட்டார். ஆனால் வெளியே இருந்த ஆண்டுகளில் கட்டுரை இல்லாமல் போனால் செனட் முகம் சுளிக்கும். திரும்பி வரும் எண்ணம் இருப்பவர், வெளியே இருக்கும்போதே ஒன்றிரண்டு முனைவர் மாணவர்களுக்கு இணை வழிகாட்டியாகப் பெயர் வைத்துக்கொள்வது நல்லது.

சாட்ஸ்வர்த் அக்கா:
தேசிய ஆய்வு நிதியமான என்ஆர்எஃப் ஆய்வாளர்களுக்குத் தரும் ரேட்டிங்கை யாரும் சொல்லவில்லையே? ஏ, பி, சி என்று தரம் உண்டு; பி.எச்.டி. முடித்த இளையோருக்கு ஒய். கடைசி 8 ஆண்டுப் படைப்புகளைத்தான் பார்க்கிறார்கள். டீனாக 4 ஆண்டு எழுதாமல் இருந்தால் அந்த 8 ஆண்டில் பாதி காலி. மறுமதிப்பீடு வரும்போது பி-யிலிருந்து சி-க்கு இறங்கியவர்கள் உண்டு. இறங்கிய ரேட்டிங்கோடு டிவிசி பதவிக்கு விண்ணப்பித்தால் முதல் கேள்வியே அதுதான்.

வெஸ்ட்வில் மேசை:
பணக் கணக்குக்கு வருகிறேன். பொறியாளர்கள் இடறுகிற இடம் இது.

அரசு மானியத்தில் கற்பித்தல் பங்குக்குப் பாடங்களை நான்கு குழுவாகப் பிரித்து எடை போடுகிறார்கள்: 1, 1.5, 2.5, 3.5. சட்டமும் கல்வியியலும் முதல் குழு. இன்ஜினியரிங் மூன்றாவது, அதாவது 2.5. இயற்பியலும் வேதியியலும் நான்காவது, 3.5. டர்பைன், கான்கிரீட் சோதனை இயந்திரம் எல்லாம் வைத்துக்கொண்டு எங்களுக்கு ஏன் குறைவு என்று புதிய டீன்கள் சண்டைக்குக் கிளம்புவார்கள். அந்த எடை அமைச்சகம் வகுத்தது. துணைவேந்தரிடம் மல்லுக்கட்டிப் பயனில்லை. உள்ளே பணம் எப்படிப் பிரிகிறது என்பதைக் கேட்டால் பதில் கிடைக்கும்.

ஆய்வுப் பங்கு வேறு. அங்கீகரிக்கப்பட்ட இதழில் ஒரு கட்டுரை 1 யூனிட், மாநாட்டுக் கட்டுரை 0.5, ஆய்வு முதுகலை முடித்த மாணவர் ஒருவருக்கு 1, முனைவர் முடித்தவருக்கு 3. நான்கு ஆசிரியர்கள் எழுதிய இதழ்க் கட்டுரையில் இருவர் நம் பல்கலைக்கழகம், ஒருவர் வேறு தென்னாப்பிரிக்கப் பல்கலைக்கழகம், ஒருவர் சென்னை என்று வையுங்கள். நமக்கு 0.5, அவர்களுக்கு 0.25, சென்னைப் பங்கு 0.25 யாருக்கும் இல்லை. அதே வேலை மாநாட்டில் வந்திருந்தால் நமக்கு 0.25தான். மாநாட்டையே நம்பி வாழ்கிற துறைகள் பாதி வருமானத்தை வாசலிலேயே விட்டுவிட்டு வருகின்றன.

அதைவிடப் பெரிய சூட்சுமம் காலம். 2024இல் வெளியான கட்டுரை 2025இல் கணக்கில் போகும், பணம் 2026இல் வரும். ஐந்தாண்டு டீனுக்கு முதல் இரண்டாண்டு கிடைப்பது முந்தையவர் விதைத்த அறுவடை. அதைத் தன் திறமை என்று நினைத்து ஆள் எடுத்தவர், மூன்றாம் ஆண்டில் கையைப் பிசைகிறார்.

பெரியா மேடு:
இதை எழுதி வைத்துக்கொள்ளுங்கள் தம்பிகளா. செனட்டில் யாரும் இப்படிப் பிட்டுப் பிட்டு வைக்கமாட்டார்கள்.

ஆக்லண்ட் பார்க்:
தேர்வு முறை. தமிழ்நாட்டில் இருந்து வந்தவர்கள் குழம்புவார்கள். அங்கே தேடுதல் குழு மூன்று பேரைச் சொல்லும், வேந்தரான ஆளுநர் ஒருவரை நியமிப்பார் என்பதே பழகிய முறை. இங்கே வேந்தர் பட்டமளிப்பு அங்கியோடு சரி. 1997ஆம் ஆண்டின் உயர்கல்விச் சட்டப்படி நியமிப்பது கவுன்சில். அதில் குறைந்தது 60 சதவீதம் பேர் பல்கலைக்கழகத்தின் ஊழியரோ மாணவரோ அல்லாதவர்கள். அமைச்சர் ஐந்து பேர் வரை நியமிக்கலாம். தொழிற்சங்கமும் மாணவரும் இருக்கிற இன்ஸ்டிடியூஷனல் ஃபோரம் மூத்த பதவிகளுக்கான தேர்வில் ஆலோசனை சொல்லும்.

பட்டியலில் வந்தவர் வளாகத்தில் எல்லோர் முன்னும் பேசும் வழக்கம் பல இடங்களில் உண்டு. பொறியாளர்கள் கோட்டைவிடுவது அங்கேதான். நாற்பது ஸ்லைடு, கேன்ட் சார்ட், அம்புக்குறி. கீழே உட்கார்ந்திருக்கும் மாணவர் தலைவர் கேட்பது விடுதிக் கட்டில் பற்றி, பிப்ரவரியில் என்எஸ்ஃபாஸ் என்கிற அரசு மாணவர் உதவிப் பணம் வராவிட்டால் மாணவர் பதிவை என்ன செய்வீர்கள் என்பது பற்றி. அதற்கு ஒரு தொகையும் ஒரு தேதியும் சொன்னவர் கைதட்டல் வாங்குகிறார்.

வால்வு 12:
இன்னொன்று. 2004இல் டர்பன்-வெஸ்ட்வில், நேட்டால் பல்கலைக்கழகங்கள் ஒன்றாகி க்வாஸுலு-நேட்டால் பல்கலைக்கழகம் ஆனது. 2002இல் டர்பனில் எம்.எல். சுல்தான் டெக்னிகானும் டெக்னிகான் நேட்டாலும் ஒன்றாயின. 2005இல் ஜோகன்னஸ்பர்க் பல்கலைக்கழகமும் இணைப்பில் பிறந்ததுதான். இந்த இடங்களில் பழைய வளாகத்து மனக்கசப்பு இன்னும் ஆறவில்லை. இரண்டு ஆய்வகத்தை ஒன்றாக்கினால் இவ்வளவு மிச்சம் என்று கணக்குப் போட்டுக் காட்டினால் கணக்கு சரியாகத்தான் இருக்கும், ஆனால் ஓட்டு விழாது. எந்த டெக்னீஷியன் எங்கே போகிறார் என்பதை முதலில் பேசித் தீர்த்துவிட்டு எண்ணைக் காட்டுங்கள்.

சாட்ஸ்வர்த் அக்கா:
டீன் ஆனபிறகு எக்சா பதிவு தேவையா என்று ஒரு தம்பி தனியாகக் கேட்டார். விடக்கூடாது. பதிவு 5 ஆண்டுக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டும், அதற்குள் 25 கிரெடிட் தொடர் பயிற்சி காட்ட வேண்டும். ஐந்தாம் ஆண்டில் சான்றிதழ் தேடி ஓடாமல், போகிற ஒவ்வொரு பயிலரங்கின் தாளையும் அன்றன்றே ஒரு ஃபோல்டரில் போடச் சொல்லுங்கள். எக்சா குழு பட்டப்படிப்பை ஆய்வு செய்ய வரும்போது, வரவேற்கிற டீனின் பதிவே காலாவதியாகி இருந்தால் நன்றாகவா இருக்கும்?