ஓன் ஜாபாரின் மலாயா சுதந்திரக் கட்சி: மக்கள் விரட்டினார்களா, தலைவரே கெடுத்துக்கொண்டாரா?

கிந்தாக்காரன்:
மலாயாவில் இனம் பாராத அரசியல் எடுபடாது என்பதற்கு எல்லாரும் காட்டும் சாட்சி, 1951 செப்டம்பரில் டத்தோ ஓன் ஜாபார் தொடங்கிய மலாயா சுதந்திரக் கட்சி. அது மூன்றாண்டுகூட நிற்கவில்லை என்பது உண்மைதான். ஆனால் அதைச் சாய்த்தது 1952 பிப்ரவரியில் நடந்த கோலாலம்பூர் நகராட்சித் தேர்தல். ஒரே நகரம், 12 இடங்கள். இதை வைத்து ஒரு நாட்டின் மனத்தை எடை போடுவது நியாயமா?

பழைய ஏடு:
தாராளமாகப் போடலாம் ஐயா. மலாய்க்காரர்களின் அம்னோவும் சீனர்களின் ம.சீ.ச.வும் (மலாயா சீனர் சங்கம்) சேர்ந்து 9 இடங்களை அள்ளின. சுதந்திரக் கட்சிக்கு 2, சுயேச்சைக்கு 1. ஆங்கிலேய அதிகாரிகளின் ஆசியும் படித்த கூட்டத்தின் ஆதரவும் இருந்தும் இந்தக் கதி! 1946இல் அம்னோவைக் கட்டி எழுப்பி, மற்ற இனத்தாருக்கும் எளிதில் குடியுரிமை தரவந்த ஆங்கிலேயரின் மலாயன் யூனியன் திட்டத்தையே மண்ணைக் கவ்வ வைத்தவர் ஓன். அதே அம்னோவின் கதவை மற்ற இனத்தாருக்கும் திறக்கச் சொன்னபோது கட்சிக்காரர்கள் இணங்கவில்லை. வெளியேறிய அவரைப் பின்தொடர்ந்த மலாய்க்காரர்கள் மிகக் குறைவு. இதைவிடத் தெளிவான தீர்ப்பு வேறென்ன வேண்டும்?

செந்தூல் அக்கா:
9க்கு 2 என்பதை மட்டும் சொல்லி நிறுத்திவிட்டீர்களே தம்பி, அது எப்படி வந்தது? சுதந்திரக் கட்சியின் தொடக்கக் கூட்டத்துக்குத் தலைமை தாங்கியவரே ம.சீ.ச. தலைவர் டான் செங் லோக். ஆனால் சிலாங்கூர் ம.சீ.ச.வின் எச்.எஸ்.லீக்கு அங்கே உரிய மரியாதை கிடைக்கவில்லை என்று அப்போதே பேச்சு. 1952 ஜனவரியில் அவரும் கோலாலம்பூர் அம்னோவின் டத்தோ யஹ்யாவும் கைகோத்தார்கள். பெரிய கொள்கை ஒன்றும் கிடையாது. ஒருவர் வேட்பாளருக்கு எதிராக மற்றவர் நிறுத்துவதில்லை என்ற உள்ளூர் ஏற்பாடு, அவ்வளவுதான். ம.சீ.ச.விடம் லாட்டரிப் பணம் இருந்தது, ஓனிடம் சொற்பொழிவு இருந்தது. பிற்காலத்தில் நாட்டையே ஆண்ட கூட்டணியின் வித்து இந்தப் பங்கீடுதான்.

நம்மவர் பக்கத்தையும் பாருங்கள். அந்தத் தேர்தலில் இந்தியர்களின் ம.இ.கா. (மலாயா இந்தியர் காங்கிரஸ்) ஓன் பக்கம் நின்றது. இலங்கைத் தமிழரான இ.இ.சி.துரைசிங்கமும் அவருடைய ஆதரவாளர்தான். இனவாரியாக இடம் பிரித்தால் சிறுபான்மையினருக்கு மிஞ்சுவது சொற்பம் என்று அவர்களுக்குத் தெரியாதா? 1954இல்தான் ம.இ.கா. கூட்டணிக்குப் போய்ச் சேர்ந்தது.

பழைய ஏடு:
லீயின் கோபத்தால்தான் ஒரு கொள்கை செத்தது என்றால், அக்கா, அந்தக் கொள்கைக்கு உயிரே இருந்திருக்காது. ஓனுக்கே அதில் எவ்வளவு பிடிப்பு? 1953இல் ம.சீ.ச.வையும் சீன வர்த்தகச் சங்கங்களையும் வெளிப்படையாகத் தாக்கிப் பேசினார். 1954இல் பார்ட்டி நெகாராவைத் தொடங்கி மலாய் நலன் பக்கமே திரும்பினார். 1955 பொதுத்தேர்தலில் கூட்டணிக்கு 52இல் 51. மீதி ஒன்று இஸ்லாமியக் கட்சியான பாஸுக்கு. ஓன் ஜொகூர் பாருவிலேயே தோற்றார், அதுவும் நாடு முழுக்க வாக்காளர்களில் சுமார் 84 விழுக்காடு மலாய்க்காரர்களாக இருந்தபோது.

கிந்தாக்காரன்:
வழக்கை நீங்களே எனக்குச் சாதகமாக முடித்துவிட்டீர்கள். எல்லா இனத்தையும் அழைத்தபோதும் தோற்றார், மலாய் நலன் பேசியபோதும் தோற்றார். அப்படியானால் தோற்றது பல்லினக் கொள்கையா, ஓனா?

பழைய ஏடு:
ஓன்தான் என்றே வைத்துக்கொள்வோம். ஏன் தோற்றார்? கட்சிப் பெயரில் சுதந்திரம்; கேட்டதோ பத்தாண்டுத் தவணை! அதே நேரத்தில் காலனி அரசில் உள்துறைப் பொறுப்பு வேறு. அந்தப் பக்கம் அம்னோ தலைவர் துங்கு அப்துல் ரஹ்மான் 'மெர்டேக்கா' (சுதந்திரம்) என்று முழங்கி, 1957இலேயே வாங்கிக் கொடுத்துவிட்டார்.

செந்தூல் அக்கா:
கட்சி பிறந்து மூன்று வாரத்தில் ஆங்கிலேய ஹைகமிஷனர் கர்னியைக் காட்டில் பதுங்கியிருந்த கம்யூனிஸ்ட் கொரில்லாக்கள் சுட்டுக் கொன்றார்கள். அந்த அவசரகாலத்தில் பத்தாண்டு கேட்டவர் கோழை என்று எனக்குத் தோன்றவில்லை. தவணை வேறு, கொள்கை வேறு. இரண்டையும் ஒரே மூட்டையில் கட்டாதீர்கள். தந்தையோடு வெளியேறிய மகன் ஹுசேன் ஓன் 1968இல் அம்னோவுக்குத் திரும்பி, 1976இல் பிரதமரானார். கதவு எந்தப் பக்கம் திறந்திருந்தது என்பதை அவர் நன்றாகவே கணக்கிட்டிருந்தார்.

கிந்தாக்காரன்:
கதவு திறந்திருந்த பக்கம் போவது அரசியல் சாமர்த்தியம் அக்கா. எதிர்ப்பக்கத்துச் சுவரில் கதவு வைக்கப் பார்த்த மனிதருக்கு ஐந்தே மாதத்தில் ஒரே தேர்தலை வைத்துத் தீர்ப்பு எழுதியதைத்தான் நான் கேட்கிறேன். பழைய ஏடு இன்னும் அதற்குப் பதில் சொல்லவில்லை.