மறதிநோய் வேண்டாம்: வாஸ்குலர் டிமென்ஷியாவுக்கு ஒரு சொல்

எல்லாருக்கும் வணக்கம். நம்ம ஒப்புதல் படிவத்துல வாஸ்குலர் டிமென்ஷியாவுக்கு, அதாவது மூளையோட ரத்தக்குழாய் கெட்டு யோசிக்கிற திறன் குறையுற நோய்க்கு, எந்தத் தமிழ்ச் சொல் போடுறதுன்னுதான் பேசிக்கிட்டிருக்கோம்.

"டிமென்ஷியாவுக்குத்தான் மறதிநோய்னு சொல் இருக்கே, முன்னாடி ரத்தநாளம்னு சேர்த்தா வேலை முடிஞ்சுது"ன்னு ஐயா போன வாரம் எழுதியிருந்தீங்க. எனக்கு அதுல உடன்பாடு இல்லைங்க ஐயா, கொஞ்சம் நீளமாவே சொல்றேன், பொறுத்துக்கோங்க.

ரத்தநாளம் சரிதான், ஆஸ்பத்திரி போர்டுலயே ரத்தநாள அறுவை சிகிச்சைன்னுதான் எழுதுறாங்க. சிக்கல் "மறதி"லதான். டிமென்ஷியால இன்னொரு வகையான அல்சைமர்ல பெரும்பாலும் ஞாபகம்தான் முதல்ல போகும், மூளையில ஞாபகத்துக்கு முக்கியமான ஹிப்போகாம்பஸ்ங்கிற பகுதி சுருங்குறதால. ஆனா மூளைக்குள்ள இருக்குற சின்னச் சின்ன ரத்தக்குழாய் கெட்டு வர்ற வகையில பல பேருக்கு முதல்ல அடிபடுறது யோசிக்கிற வேகமும், ஒரு வேலையை வரிசையா செய்யுற திறனும். எங்க அத்தைக்கு அப்படித்தான், பேரப்பிள்ளைங்க நட்சத்திரம் வரைக்கும் கரெக்டா சொல்லுவாங்க, ஆனா ரசம் வைக்கப் போனா புளியைக் கரைச்சிட்டு அடுத்து என்னன்னு தெரியாம அடுப்பையே பார்த்துக்கிட்டு நிப்பாங்க. "ஞாபகம்தான் நல்லா இருக்கே, மறதிநோய் எல்லாம் கிடையாது"ன்னு நாங்க ஒன்றரை வருஷம் விட்டுட்டோம், பிரஷரைக் கூட ஒழுங்கா பார்க்கல. இன்னைக்கும் அது எனக்கு வலிக்குது. அதனாலதான் இந்த ஒரு சொல்லுக்கு இவ்ளோ மல்லுக்கட்டுறேன்.

மதியிழப்புன்னு இன்னொரு யோசனை வந்துச்சு. டிமென்ஷியாங்கிற சொல்லோட லத்தீன் மூலத்துக்கு அது பொருந்தும், ஆனா மதிகெட்டவன்னு நம்ம ஊர்ல திட்டுறதுக்கே சொல்றோமே. ஜப்பான்லயும் பழைய பேர்ல மடத்தனம்ங்கிற அர்த்தம் இருந்துச்சுன்னு 2004-ல அரசாங்கமே அதை நீக்கிட்டு, அறிதல் சம்பந்தமான நோய்னு பொருள்படுற நின்சிஷோவைக் கொண்டு வந்தாங்க. நாமளும் அந்த வழியிலயே போகலாம்னு தோணுது.

அக்கா சொன்ன அறிவுத்தேய்வு அழகான சொல். ஆனா தேய்வுன்னா தேய்பிறை மாதிரி கொஞ்சங்கொஞ்சமா குறையுறது. இந்த நோய் பல பேருக்கு அப்படி வராது, ஒரு சின்ன ஸ்ட்ரோக் வந்ததும் சட்டுனு ஒரு படி இறங்கும், கொஞ்ச நாள் அப்படியே நிக்கும், மறுபடி இறங்கும். இதைப் "படிப்படியாக"ன்னும் எழுத முடியல பாருங்க, தமிழ்ல அதுக்கு மெதுவாங்கிற அர்த்தம் வந்துடுது!

அதனால என் யோசனை, ரத்தநாள அறிதிறன் சரிவு நோய். மண்சரிவுன்னா சட்டுனு, சரிவான பாதைன்னா மெதுவா, ரெண்டுக்கும் அந்தச் சொல் இடம் கொடுக்குது. அறிதிறன்பேசின்னு ஸ்மார்ட்போனுக்குச் சொல்றோமே, குழம்பாதான்னு கேப்பீங்க, பக்கத்துலயே நோய்னு இருக்கும்போது குழம்பாதுன்னு நினைக்கிறேன்.

அடுத்து கணினி விஷயம், கம்ப்யூட்டர் எய்டட் டயக்னோசிஸுக்கு என்ன சொல் போடுறதுன்னு. மூளை ஸ்கேன்ல தெரியுற வெண்பொருள் திட்டுகளை, அதாவது சின்ன ரத்தக்குழாய் கெட்டதைக் காட்டுற அடையாளங்களை, டாக்டருங்க கண்ணால பார்த்து ஃபசேக்காஸ் அளவுகோல்ல 0-லேர்ந்து 3 வரைக்கும் மதிப்பு போடுவாங்க, அது 1987-லேர்ந்து இருக்கு. இப்போ சாஃப்ட்வேர் அதே திட்டுகளை இத்தனை மில்லிலிட்டர்னு அளந்து கொடுக்குது. ஆனா வயசானவங்க நிறைய பேருக்கு அல்சைமரும் இந்த ரத்தநாள வகையும் சேர்ந்தே இருக்கும், அதனால கடைசி முடிவு டாக்டரோடதுதான். "கணினிவழி நோயறிதல்"னு எழுதினா மெஷினே முடிவு பண்ணிடுச்சுன்னு ஆயிடும், "கணினித்துணை நோயறிதல்"தான் சரி.

கழுத்துத் தமனி அடைப்பு ஆபரேஷன் பத்தின பக்கத்துல "அவுட்கம்"முக்குப் பலன்னு போட்டிருக்கீங்க, தயவுசெஞ்சு மாத்திடுங்க. 1991-ல வந்த, இந்த ஆபரேஷனை மருந்தோட ஒப்பிட்ட நாஸ்கெட்ங்கிற ஆய்வுல, ஏற்கெனவே அறிகுறி வந்து 70 சதவீதத்துக்கு மேல அடைப்பு இருந்தவங்கள்ல, அடைப்பு இருக்குற பக்கத்து ஸ்ட்ரோக் ரெண்டு வருஷத்துல மருந்து மட்டும் எடுத்தவங்களுக்கு 26 சதவீதம், ஆபரேஷன் பண்ணிக்கிட்டவங்களுக்கு 9 சதவீதம். அது நல்ல சேதிதான், ஆனா அதே ஆபரேஷனால 30 நாளுக்குள்ள வர்ற ஸ்ட்ரோக்கும் சாவும் அவுட்கம்தான், அதையும் எப்படிங்க பலன்னு எழுதுறது? விளைவுன்னே இருக்கட்டும்.

ஒப்புதல் படிவம் வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகுது. "சரிவு"க்கு மேல பொருத்தமா ஏதாவது இருந்தா அதுக்குள்ள சொல்லுங்க, ஆனா எதுவா இருந்தாலும் "மறதி" மட்டும் வேண்டாங்க ஐயா.