புரோநோட்ல இருக்கறது என் கையெழுத்தே இல்லைன்றான், யார் நிரூபிக்கணும்?

கரூர்_தம்பி: எங்க சித்தப்பா 2021 மார்ச்ல தெரிஞ்ச ஒருத்தருக்கு 3 லட்சம் ரொக்கமா குடுத்து புரோநோட் வாங்கினாரு, வட்டியும் வரல அசலும் வரல, மூணு வருஷம் முடியறதுக்குள்ள 2024 பிப்ரவரில கேஸ் போட்டாச்சு. இப்ப அந்தாளு கையெழுத்து என்னோடதில்ல, கடனே வாங்கலன்னு பதில் போட்டிருக்கான். ரெண்டு சாட்சில ஒருத்தர் இறந்துட்டாரு. எங்க வக்கீல் 118 இருக்கு, கவலைப்படாதீங்கன்றாரு. சரியா?

குமாஸ்தா_முருகு: சரிதான் தம்பி. மாற்றுமுறை ஆவணச் சட்டம் 1881, பிரிவு 118. புரோநோட் இருந்தா பணம் கைமாறுச்சுன்னு கோர்ட் அனுமானிச்சுக்கும், இல்லைன்னு காட்ட வேண்டியது அவன் பொறுப்பு. நீங்க நிம்மதியா இருங்க.

எதிர்த்தரப்பு: நிம்மதியா இருந்தா கேஸ் போயிரும். 118 வர்றது கையெழுத்து அவனோடதுன்னு நிரூபிச்சதுக்கு அப்புறம்தான். 1999ல பாரத் பேரல் கேஸ்ல சுப்ரீம் கோர்ட் சொன்னதே அதானே, எழுதிக் குடுத்தது நிரூபணமானா அனுமானம், அதையும் பிரதிவாதி சூழ்நிலைகளை வெச்சே உடைக்கலாம், நேரடி சாட்சி கொண்டு வரணும்னு அவசியமில்ல. கையெழுத்தையே மறுத்துட்டா முதல் சுமை சித்தப்பா தலைலதான்.

குமாஸ்தா_முருகு: அதுக்குத்தான் கையெழுத்து நிபுணர் இருக்காரே சார், மனு போட்டு அனுப்பி வெச்சா ரிப்போர்ட் வந்துரும்.

அமுதா_சேலம்: முருகு அண்ணே, எதோட ஒப்பிட அனுப்புவீங்க? வக்காலத்துல போட்ட கையெழுத்தோடவா? அது கேஸ் வந்தப்புறம் போட்டது, வேணும்னே மாத்திப் போட்டிருப்பான், கோர்ட்டே அதை நம்பாது. 2021க்கு முன்னப்பின்ன அவன் போட்ட கையெழுத்து வேணும், பேங்க்ல கணக்கு ஆரம்பிச்ச ஃபார்ம், லோன் விண்ணப்பம், பத்திர ஆபீஸ்ல கிரயம் பண்ணினது, இதுல எதையாவது கோர்ட் மூலமா வரவழைங்க. அப்புறம் மையோட வயசைக் கண்டுபிடிக்க அனுப்பறேன்னு கிளம்பாதீங்க, அதுக்கு இங்க சரியான வசதி இல்லைன்னு மெட்ராஸ் ஹைகோர்ட்டே சொல்லியிருக்கு.

எதிர்த்தரப்பு: ரிப்போர்ட் சாதகமா வந்தாலும் அது வெறும் கருத்துதான், அதை மட்டும் நம்பி டிகிரி (சாதகமான தீர்ப்பு) வாங்கலாம்னு கனவு காணாதீங்க.

அமுதா_சேலம்: ஒத்துக்கறேன். ஆனா சாட்சி இறந்தது பெரிய விஷயமில்ல. உயில் மாதிரி சாட்சிக் கையெழுத்து கட்டாயம்னு புரோநோட்டுக்கு இல்லவே இல்ல, சித்தப்பாவும் உயிரோட இருக்கற சாட்சியும் பார்த்ததைச் சொன்னாலே போதும்.

கரூர்_தம்பி: ஒரு சின்ன சிக்கல். கையெழுத்து அவன் போட்டது, ரெவின்யூ ஸ்டாம்ப் மேலயே ஓடுது, ஆனா தொகை, தேதி எல்லாம் அப்புறமா என் தம்பி வேற பேனால நிரப்பினது. நீல மை, கறுப்பு மைன்னு பளிச்னு தெரியுது.

குமாஸ்தா_முருகு: அதனால ஒண்ணும் இல்ல, ஸ்டாம்ப் ஒட்டின வெத்துத் தாள்ல கையெழுத்து போட்டு குடுத்தா வாங்கினவர் நிரப்பலாம்னு பிரிவு 20 இருக்கு.

எதிர்த்தரப்பு: இருக்கு, ஒத்துக்கிட்ட தொகையை நிரப்பினா. ஏற்கனவே எழுதியிருந்ததை மாத்தினா அது பிரிவு 87, நோட்டே செல்லாது. அதைவிட முக்கியம், பிளைன்ட்ல (நீங்க கோர்ட்ல குடுத்த வழக்கு மனுல) என்ன எழுதியிருக்கு?

கரூர்_தம்பி: பிரதிவாதியே எங்க வீட்ல உக்காந்து பூர்த்தி பண்ணி கையெழுத்து போட்டாருன்னு இருக்கு.

எதிர்த்தரப்பு: செத்தீங்க. குறுக்கு விசாரணைல "இது யார் கையெழுத்து, இந்த எழுத்து யாரோடது"ன்னு ரெண்டே கேள்வி. பொய்னு தெரிஞ்சப்புறம் சித்தப்பா கையெழுத்தைப் பத்தி சொல்றதையும் ஜட்ஜ் நம்ப மாட்டாரு. அடுத்து 3 லட்சம் ரொக்கம் எங்கேருந்து வந்துச்சு, வருமான வரிக் கணக்குல காட்டினீங்களான்னு கேப்பாங்க.

குமாஸ்தா_முருகு: 20,000க்கு மேல ரொக்கக் கடனுக்கு அபராதம் வாங்கினவனுக்குத்தான் சார், அதை வெச்சு கடனே இல்லைன்னு ஆயிராது. சும்மா பயமுறுத்தாதீங்க.

எதிர்த்தரப்பு: சட்டப்படி இல்ல, நம்பகத்தன்மைப்படி. சித்தப்பா மாடு வித்த பணமோ சீட்டு எடுத்த பணமோ, அதுக்கு ஒரு காகிதம் வேணும்.

அமுதா_சேலம்: தம்பி, விசாரணை ஆரம்பிச்சிருச்சா? இல்லைன்னா சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 6 ரூல் 17ல பிளைன்ட்டைத் திருத்த இப்பவே மனு போடச் சொல்லுங்க. ஆரம்பிச்சப்புறம் கேட்டா ஏன் முன்னாடியே சொல்லலன்னு கேப்பாங்க.

கரூர்_தம்பி: இன்னும் ப்ரூஃப் அஃபிடவிட் (சித்தப்பாவோட சாட்சியத்தை எழுத்துல குடுக்கறது) போடல. நாளைக்கே வக்கீலைப் பாக்கறேன், சித்தப்பா 2021ல சீட்டு எடுத்த பாஸ்புக்கும் தேடறோம்.

குமாஸ்தா_முருகு: திருத்த மனு போட்டா எதிராளி கதையை மாத்தறாங்கன்னு கத்துவான், நான் இப்பவும் அது வேணாம்னுதான் சொல்வேன்.