சுருள் நினைவா, சுருட்கோட்டமா, சுருள்வாகா?

மொழிபெயர்ப்பாளர், சேலம்:
வணக்கம். வீட்டுக் குழாய் வேலைக் கையேடு ஒன்று திங்கட்கிழமை அச்சுக்குப் போகிறது. சுருளாக வாங்கும் கருப்பு பாலிஎத்திலீன் பைப்பை நீட்டிப் போட்டாலும் திரும்பச் சுருட்டிக்கொள்ளுமே, அந்தக் குணத்துக்கு ஆங்கிலத்தில் 'காயில் மெமரி'. 'சுருள் நினைவு' சரியா?

தமிழாசிரியர், தஞ்சை:
பைப்புக்கு ஏது நினைவு? முள்+குறை முட்குறை ஆவது போலச் சுருட்கோட்டம் என்று வையுங்கள். குறள் 119-இல் சொற்கோட்டமும் உட்கோட்டமும் இருக்கின்றன, அவற்றுக்கு எதிராகச் செப்பமும் இருக்கிறது. ஆக நேராக்குவது செப்பமாக்கல். கோடு, கோணல், கூன் எல்லாமே வளைவுதான், 279-இல் வரும் யாழ்கோடும் அப்படியே.

பிளம்பிங் பயிற்றுநர், கோவை:
ஐயா, இன்று கோடு போடு என்றால் பிள்ளைகள் நேர்கோடுதான் போடும். கோட்டம் என்றால் மின்வாரியக் கோட்டம் நினைவுக்கு வரும். செப்பம் என்றால் செப்பனிடுவது, அதாவது உடைந்த பைப்பை ஒட்டுவது என்றே எடுத்துக்கொள்வார்கள்.

'நினைவு' எனக்கும் வேண்டாம், ஆனால் காரணம் வேறு. வடிவ நினைவு உலோகம் சூடானால் பழைய வடிவத்துக்குத் திரும்பும். இந்தப் பைப்போ வெயிலில் சூடு ஏறினால் சுருளை விடுகிறது. நேர் எதிர்!

சொல் எதுவானாலும் இதைக் கையேட்டில் தவறாமல் சேருங்கள்: கட்டுகளை ஒரே வெட்டாக வெட்டினால் பைப்பின் நுனி துள்ளி முகத்தில் அடிக்கும், ஒவ்வொரு சுற்றாக அவிழ்க்க வேண்டும். வெளி நுனியைத் தரையில் அழுத்திக்கொண்டு சுருளை உருட்டிப் போக வேண்டும், நடுவிலிருந்து உருவினால் முறுக்கேறி மடிந்துவிடும், மடிந்த இடத்தை வெட்டி எறிவதுதான் வழி. வெயிலில் கிடக்கட்டும், தீ மட்டும் காட்டக்கூடாது. சுமார் 130 டிகிரியில் உருகும் பொருள், அதற்கு முன்பே பைப்பின் சுவர் மெலிந்துவிடும். அப்புறம், வெயிலில் அளந்த 10 மீட்டர் 20 டிகிரி குளிர்ந்தால் மூன்று நான்கு சென்டிமீட்டர் குறுகும், கொஞ்சம் தளர்வாகவே பூட்டச் சொல்லுங்கள்.

விவசாயி, திண்டுக்கல்:
சொட்டுநீர் போடும்போது 'பைப்பு இன்னும் படியல' என்போம். நேராக்குவதற்குப் படியவைத்தல் போதாதா? குணத்துக்கு உடல்வாகு மாதிரி சுருள்வாகு.

பயிற்றுநர்:
சுருள்வாகு நன்றாக இருக்கிறது அண்ணா, வகுப்பில் உடனே புரியும்.

தமிழாசிரியர்:
தோள் என்ற பொருளில் வாகு வடசொல். அதிலிருந்தா கிளை விடுவது?

விவசாயி:
கைவாகு என்று எங்கள் அப்பத்தா சொல்லும் ஐயா, அது பள்ளிக்கூடம் போனதில்லை.

மொழிபெயர்ப்பாளர்:
நன்றி. சுருள்வாகு, படியவைத்தல் இரண்டையும் எடுத்துக்கொள்கிறேன். பாதுகாப்புக் குறிப்புகளும் தனிப் பெட்டியாக வருகின்றன.

தமிழாசிரியர்:
படியவைத்தலுக்கு எனக்குத் தடையில்லை. ஆனால் வாகு வேண்டாம் என்பதைப் பதிவு செய்கிறேன், அடுத்த பதிப்பிலாவது சுருட்கோட்டத்தை அடைப்புக்குறிக்குள் போடுங்கள்.