வீட்டுக்காரர் பாத்திரம் கழுவுனா திட்டு எனக்கு, இதை எப்படிப் பேசறது?

திருப்பூர்_பொண்ணு:
கல்யாணமாகி மூணு வருஷமாச்சுங்க, ரெண்டு பேரும் வேலைக்குப் போறோம். எனக்கு எக்ஸ்போர்ட் கம்பெனில மெர்ச்சண்டைசிங், ஷிப்மென்ட் டைம்னா வீடு வந்து சேர எட்டரை ஆயிரும், ஹேண்ட்பேகை வச்ச கையோட தோசைக்கல்லை அடுப்புல போடணும். எங்க வீட்டுக்காரரு நல்ல மனுசன், கேக்காமயே வந்து நிப்பாரு. போன ஞாயித்துக்கிழமை குக்கரைத் தேய்ச்சுட்டு இருந்தாரு, அத்தை வந்து கையில இருந்த நாரைப் பிடுங்கிட்டாங்க, அவரை ஒண்ணும் சொல்லல, என்னைப் பாத்து "எம்பையனை இந்தக் கோலத்துல பாக்கத்தான் பொண்ணு எடுத்தமா"ன்னாங்க. பொழுது சாயறதுக்குள்ள எங்கம்மாவுக்கு போன் போயிருச்சு, அவங்களும் "அனுசரிச்சுப் போ சாமி"ங்கறாங்க. இப்ப அவரு அத்தை தூங்குனப்புறம் பதினோரு மணிக்கு, சத்தம் கேக்காம பைப்பைச் சன்னமா தெறந்து வச்சுக் கழுவறாரு. சிரிப்பாவும் வருது, எரிச்சலாவும் வருது.

நூல்கண்டு:
உங்க வீடு மட்டும் இல்ல. மத்திய அரசோட 2024 நேரப் பயன்பாட்டு சர்வேல, வீட்டு வேலை செய்யற பொம்பளைங்க சராசரியா ஒரு நாளைக்கு 289 நிமிஷம் செய்யறாங்க, செய்யற ஆம்பளைங்க 88 நிமிஷம். ஒண்ணுமே செய்யாதவங்க இந்தக் கணக்குலயே வரல. 2019ல இது 299, 97. நமக்கு பத்து நிமிஷம் குறைஞ்சா அவங்களுக்கும் ஒம்பது நிமிஷம் குறைஞ்சிருச்சு பாருங்க!

சேலம்_மாம்பழம்:
பெரியவங்க மனசை எதுக்கு நோகடிக்கணும், வீட்டு வேலைக்கு ஆள் வச்சுக்கங்க, பிரச்சனை முடிஞ்சுது.

நூல்கண்டு:
வர்ற ஆளும் ஒரு பொம்பளைதானேங்க, அவங்க வீட்டுப் பாத்திரத்தை யாரு கழுவுவாங்க? கல்யாண மண்டபத்துல அண்டா அண்டாவா ஆம்பளைங்கதான் தேய்க்கறாங்க, அங்க எந்த அம்மாவும் நாரைப் பிடுங்கறதில்லையே.

காபி_மாஸ்டர்:
சிஸ்டர், நீங்க பேசவே பேசாதீங்க, பேச வேண்டியது அவரு. ஒளிஞ்சு கழுவுனா தப்பு பண்ற மாதிரிதான் தெரியும், காலைல ஏழு மணிக்கு அம்மா கண்ணு முன்னாடி கழுவச் சொல்லுங்க. நான் அப்படித்தான் ஆரம்பிச்சேன், அம்மா கையில காபியைக் குடுத்து உக்கார வச்சுட்டு. ரெண்டு மாசம் மூஞ்சி குடுத்தே பேசல. அப்புறம் ஒரு நாள் பின்னாடி வந்து நின்னு, "அடி கருப்பு போகலடா, ஊற வச்சுத் தேய்"ன்னாங்க.

திருப்பூர்_பொண்ணு:
இன்னைக்கே சொல்லிடறேனுங்க அண்ணா. பதினோரு மணிக்கு சிங்க்குகிட்டதான் இருப்பாரு.