அம்மாவின் டேப்லெட்டும் அந்தப் பெருக்கல் குறியும்

தாழ்வாரம்
அம்மாவுக்கு வயது எழுபத்தொன்று. கண்புரை அறுவைக்குப் பிறகு பெரிய திரையாக இருக்கட்டும் என்று ஓர் ஆண்ட்ராய்டு டேப்லெட் வாங்கிக் கொடுத்தேன். மாலை நேரத்தில் ஒரு சீட்டு விளையாட்டு, ஒரு சொல் விளையாட்டு, இரண்டும் இலவசம். ஓர் ஆட்டம் முடிந்ததும் திரை முழுவதையும் விளம்பரம் அடைத்துக்கொள்கிறது. மூடுவதற்கான பெருக்கல் குறி மூலையில் எறும்புத் தலையளவு. அம்மாவின் விரல் லேசாக நடுங்கும். குறியைத் தொடப்போய் விளம்பரத்தைத் தொட்டுவிடுகிறார். பிளே ஸ்டோர் திறக்கிறது. அங்கே பெரிதாகத் தெரிவது 'நிறுவு' என்ற பொத்தான் ஒன்றுதான். பெரிதாகத் தெரிவதை அழுத்தினால் வந்த வழியே போய்விடலாம் என்று நினைத்து அதையும் அழுத்துகிறார். நேற்றுப் பார்த்தபோது யாரும் கேட்காத ஆறு செயலிகள் குடியேறியிருந்தன. இந்த விளம்பரங்களை ஒட்டுமொத்தமாக நிறுத்த என்ன வழி?

கம்பிவேலி
இரண்டு நிமிட வேலை. டிஎன்எஸ் என்பது இணையத்தின் முகவரிப் புத்தகம்: பெயரைச் சொன்னால் முகவரியைச் சொல்லும். ஆண்ட்ராய்டு 9 முதல் 'பிரைவேட் டிஎன்எஸ்' என்ற வசதி இருக்கிறது. அமைப்புகளில் நெட்வொர்க் பகுதிக்குள் இருக்கும். கண்ணில் படாவிட்டால் மேலேயுள்ள தேடல் பெட்டியில் தேடுங்கள். அதில், விளம்பரங்களைத் தடுக்கும் ஆட்கார்ட் நிறுவனத்தின் பொது டிஎன்எஸ் முகவரியை இட்டுச் சேமியுங்கள். முகவரியை அவர்கள் தளத்திலிருந்தே நகலெடுங்கள். ஓர் எழுத்து பிசகினாலும் டேப்லெட்டில் இணையமே நின்றுவிடும்.

இது எப்படி வேலை செய்கிறது என்றால்: விளையாட்டுக்குள் விளம்பரத்தைக் கொண்டுவருவது விளையாட்டு அல்ல. ஆட்மாப், யூனிட்டி ஆட்ஸ், ஆப்லவின் போன்ற விளம்பர வலையமைப்புகளின் நிரல்துண்டுதான் தன் சேவையகத்தின் பெயரைச் சொல்லி, 'இவர் எங்கே இருக்கிறார்' என்று டிஎன்எஸ்ஸிடம் விசாரிக்கிறது. வழக்கமான டிஎன்எஸ் முகவரியைச் சொல்லிவிடும். ஆட்கார்டின் டிஎன்எஸ், 'அப்படி யாரும் இல்லை' என்று கையை விரித்துவிடும். செயலி எதையும் நிறுவ வேண்டியதில்லை, ரூட் செய்ய, அதாவது டேப்லெட்டின் உள்பூட்டை உடைக்க, வேண்டியதில்லை.

விளம்பரம் தடுக்கும் முழுச் செயலியை பிளே ஸ்டோரில் தேடி நேரத்தை வீணாக்காதீர்கள். 2013 மார்ச்சில் ஆட்பிளாக் பிளஸ் உள்ளிட்டவற்றை கூகுள் அங்கிருந்து நீக்கியது. மற்றச் செயலிகளின் வேலையில் தலையிடக் கூடாது என்பது அதன் விதி.

சிறுதொழில்
நானும் இதுபோன்ற சிறு விளையாட்டுகளைச் செய்து பிழைப்பவன். சொல் விளையாட்டு ஒன்றைத் தனியாளாக உட்கார்ந்து பதினான்கு மாதம் எழுதினேன். சொற்பட்டியலைத் திருத்தவே நான்கு மாதம். அதை இலவசமாகக் கொடுக்கிறேன். எனக்கு வரும் ஒரே வருமானம் அந்த விளம்பரம். 'இரண்டு நிமிட வேலை' என்று கம்பிவேலி சொல்வது, கடைக்குள் புகுந்து பொருளை எடுத்துக்கொண்டு கல்லாப்பெட்டியைச் சுவர்ப்பக்கம் திருப்பி வைக்கும் வேலை. அம்மாவின் தொல்லை எனக்குப் புரிகிறது. ஆனால் 'ஒட்டுமொத்தமாக' என்ற சொல் உறுத்துகிறது.

தாழ்வாரம்
ஐயா, உங்கள் உழைப்பைக் குறை சொல்லவில்லை. விளம்பரம் திரையின் அடியில் பட்டையாக வந்துபோனால் நான் இங்கே வந்திருக்கவே மாட்டேன். என் அம்மாவின் விரல் நடுக்கத்தில் காசு பார்க்கிறார்கள் என்பதுதான் என் கோபம். தவறித் தொட்டதும் ஒரு தொடுகையாகத்தானே கணக்கில் ஏறுகிறது?

கம்பிவேலி
ஏறுகிறது. கல்லாப்பெட்டி உவமை அழகாக இருக்கிறது, சிறுதொழில் அவர்களே. ஆனால் கடைக்காரர் வாடிக்கையாளரின் சட்டைப்பையில் கைவிட்டுத் துண்டுச்சீட்டைத் திணிப்பதில்லை. என் டேப்லெட் யாரிடம் பேசலாம், யாரிடம் பேசக்கூடாது என்று முடிவு செய்வது நான். டிஎன்எஸ் தடுப்பு உங்கள் விளையாட்டின் ஒரு வரியைக்கூட மாற்றுவதில்லை. வாசலில் வந்து நிற்பவருக்குக் கதவு திறக்க மறுக்கிறேன், அவ்வளவுதான்.

பழைய_கணக்கர்
இருவரும் சண்டையிடும் நேரத்தில் விளையாட்டின் அமைப்புப் பக்கத்தை ஒருவரும் திறந்து பார்க்கவில்லை. பெரும்பாலான சீட்டு, சொல் விளையாட்டுகளில் 'விளம்பரம் நீக்கு' என்று ஒரு பொத்தான் இருக்கும். ஒருமுறை பணம் கட்டினால் முடிந்தது. வாங்கியது உங்கள் கணக்கோடு ஒட்டிக்கொள்ளும். டேப்லெட் மாறினாலும் 'வாங்கியதை மீட்டெடு' என்பதை அழுத்தினால் திரும்ப வரும்.

2008இல் ஆப் ஸ்டோர் திறந்தபோது நல்ல விளையாட்டு என்றால் விலை கொடுத்துத்தான் வாங்கினோம். 2009 அக்டோபரில் இலவசச் செயலிக்குள்ளும் பொருள் விற்கலாம் என்று ஆப்பிள் அனுமதித்தது. அதற்குப் பிறகு முன்பணம் கொடுத்து வாங்கும் பழக்கம் நமக்கு மெல்ல மெல்ல விட்டுப்போய்விட்டது. மாதச் சந்தா பிடிக்கும் என்றால் ஆப்பிள் ஆர்கேட், கூகுள் பிளே பாஸ் இரண்டும் 2019 முதல் இருக்கின்றன. அவற்றின் பட்டியலில் உள்ள விளையாட்டுகளில் விளம்பரம் வராது.

கம்பிவேலி
விளம்பரத்தை வேண்டுமென்றே தாங்க முடியாத அளவுக்கு ஏற்றிவிட்டு, பிறகு அதை நீக்க விலை கேட்பதற்கு என்ன பெயர் என்று கணக்கர் சொல்லட்டும்.

பழைய_கணக்கர்
வியாபாரம் என்று பெயர். பிடிக்காவிட்டால் வேறு விளையாட்டுக்குப் போகலாம்.

கருவாலி
விளம்பரத்துக்கு நானும் எதிரிதான். ஆனால் கம்பிவேலி சொன்ன வழியில் சொல்லாமல் விட்ட ஒன்று இருக்கிறது. பிரைவேட் டிஎன்எஸ் அந்த இரண்டு விளையாட்டுகளுக்கு மட்டுமல்ல, டேப்லெட் முழுவதற்கும். அம்மா எந்தத் தளத்துக்குப் போனாலும், எந்தச் செயலியைத் திறந்தாலும், அதன் பெயர் ஒரே நிறுவனத்தின் வழியாகப் போகும். பக்கத்தில் என்ன படித்தார் என்பது தெரியாது. எங்கே போனார் என்பது தெரியும். விளம்பரக்காரன் பார்க்கக்கூடாது என்று திரை போட்டுவிட்டு, திரைக் கயிற்றை யாரிடம் கொடுக்கிறோம் என்று பார்க்க வேண்டாமா?

டேப்லெட்டுக்குள்ளேயே ஒரு விபிஎன், அதாவது இணையப் போக்குவரத்து கடந்துபோகும் தனிக் குழாய், அமைத்து வடிகட்டும் செயலிகளும் உண்டு. ஆனால் ஆண்ட்ராய்டில் ஒரு நேரத்தில் ஒரு விபிஎன்தான் ஓடும். அலுவலக விபிஎன் பயன்படுத்துபவர்கள் இரண்டில் ஒன்றைத்தான் வைத்துக்கொள்ள முடியும்.

கம்பிவேலி
நியாயமான கேள்வி. அப்படியென்றால் வீட்டிலேயே பை-ஹோல் வையுங்கள். வீட்டு இணையம் முழுவதற்கும் இதே டிஎன்எஸ் தடுப்பைச் செய்யும் மென்பொருள் அது. கையகல ராஸ்பெர்ரி பை கணினி போதும். பட்டியலும் பதிவும் உங்கள் வீட்டில்தான் இருக்கும். வீட்டு வைஃபையை விட்டு வெளியே போனால் வேலை செய்யாது என்பது ஒன்றுதான் குறை.

கருவாலி
கம்பிவேலிக்கு அது ஞாயிற்றுக்கிழமைப் பொழுதுபோக்கு. தாழ்வாரத்துக்கு அது இன்னொரு பராமரிப்புச் சுமை.

மைனா
எங்கள் வீட்டில் ஐபேட். சஃபாரிக்கு விளம்பரத் தடுப்பான் போட்டுவிட்டு, விளையாட்டில் ஏன் வேலை செய்யவில்லை என்று ஒரு வாரம் குழம்பினேன். அந்தத் தடுப்பான்கள் உலாவிக்கு மட்டும்தானாம். மற்றச் செயலிகளை அவை தொடுவதே இல்லை.

கடைசியில் கைகொடுத்தது 'கைடட் ஆக்சஸ்'. அணுகல்தன்மை அமைப்பில் இருக்கிறது. விளையாட்டைத் திறந்து அதை இயக்கினால் கடவுக்குறி இல்லாமல் அந்தச் செயலியை விட்டு வெளியேற முடியாது. இன்னொரு வித்தையும் அதில் உண்டு: திரையில் தொடக்கூடாத இடத்தை விரலால் வட்டமிட்டுக் காட்டினால் அந்த இடம் மரத்துப்போகும். அடியில் வரும் விளம்பரப் பட்டையைச் சுற்றி வட்டம் போட்டேன். விளம்பரம் தெரிகிறது, தொட்டால் எதுவும் நடப்பதில்லை. சிறுதொழில் அவர்களுக்கும் இதில் ஆட்சேபம் இருக்காது என்று நினைக்கிறேன்.

சிறுதொழில்
ஆட்சேபம் இல்லை, மைனா. தவறித் தொடும் தொடுகை எங்களுக்கும் ஆகாது. அப்படி வந்த தொடுகை அதிகமானால் வலையமைப்பு அதைச் செல்லாது என்று கழித்துவிடும். அதற்கும் மேலே போனால் கணக்கையே முடக்கிவிடும்.

தாழ்வாரம் கேட்டதால் உள்ளே நடப்பதைச் சொல்கிறேன். அந்தப் பெருக்கல் குறியை வரைவது நான் அல்ல. விளம்பரம் எப்போது வரவேண்டும் என்று நான் சொல்லலாம். சூதாட்டம் போன்ற வகைகள் வேண்டாம் என்று விலக்கலாம். எந்த வயதுக்கான விளம்பரம் வரை வரலாம் என்று வரம்பும் வைக்கலாம். ஆனால் குறி எவ்வளவு பெரியது, எந்த மூலையில், எத்தனை வினாடி கழித்து என்பதெல்லாம் விளம்பரத்தோடும் வலையமைப்போடும் வருவது. என் விளையாட்டில் என் தங்கை ஒருநாள் போலிக் குறியோடு ஒரு விளம்பரத்தைப் பார்த்துப் படம் பிடித்து அனுப்பினாள். பெருக்கல் குறி படத்தின் ஒரு பகுதியாகவே வரையப்பட்டிருந்தது. உண்மையான குறி எதிர் மூலையில். வெட்கமாக இருந்தது. அந்த விளம்பரதாரரை உடனே தடைசெய்தேன். அடுத்த வாரம் வேறு பெயரில் வந்தான்.

விதியே இல்லை என்று நினைக்க வேண்டாம். 2022 செப்டம்பர் 30 முதல் கூகுள் பிளேயில் ஒரு விதி இருக்கிறது. விளையாடிக்கொண்டிருக்கும்போது, அல்லது ஒரு நிலை தொடங்கும் நொடியில், எதிர்பாராமல் முழுத்திரை விளம்பரம் வரக்கூடாது. 15 வினாடிக்குப் பிறகும் மூட முடியாத முழுத்திரை விளம்பரமும் கூடாது. பயனரே விரும்பிக் கேட்டுப் பார்க்கும் பரிசு விளம்பரத்துக்கு மட்டும் விலக்கு. உங்கள் விளையாட்டு இதை மீறினால் பிளே ஸ்டோரில் அதன் பக்கத்துக்குப் போய்ப் புகார் கொடுங்கள். ஒழுங்காக நடப்பவனுக்கு நீங்கள் செய்யும் உதவி அது.

தாழ்வாரம்
உண்மையிலேயே நன்றி, ஐயா. புதிய தலைவலி ஒன்று: இன்று காலை எந்த விளையாட்டும் திறக்காமல், முகப்புத் திரையிலேயே ஒரு முழுத்திரை விளம்பரம் குதித்தது. விளம்பர அடையாள எண்ணை நீக்கினால் சரியாகும் என்று உறவினர் ஒருவர் சொல்ல, அதையும் செய்துவிட்டேன். பிறகும் வருகிறது.

கம்பிவேலி
அந்த எண்ணை நீக்கினால் விளம்பரம் உங்கள் அம்மாவுக்கென்று பொறுக்கப்படாது, அவ்வளவே. எண்ணிக்கை குறையாது. தனியுரிமைக்கு நல்லது, அப்படியே இருக்கட்டும்.

முகப்பில் குதிப்பது விளையாட்டின் வேலை அல்ல. குடியேறிய ஆறு பேரில் ஒருவன். டேப்லெட்டைப் பாதுகாப்பு முறையில், அதாவது சேஃப் மோடில், துவக்குங்கள். அப்போது நிறுவிய செயலிகள் எதுவும் இயங்காது. விளம்பரம் நின்றால் குற்றவாளி அந்தக் கூட்டத்தில்தான் இருக்கிறான். பிறகு அமைப்புகளில் 'பிற செயலிகளின் மேல் காட்டு' என்ற அனுமதி யார் யாரிடம் இருக்கிறது என்று பாருங்கள். டார்ச் செயலிக்கு அந்த அனுமதி எதற்கு?

தாழ்வாரம்
டார்ச் அல்ல, 'நினைவகச் சுத்திகரிப்பான்'. குப்பையை அகற்றுகிறேன் என்று வந்தவன்தான் குப்பை கொட்டிக்கொண்டிருந்திருக்கிறான். ஆறையும் நீக்கிவிட்டேன், முகப்பு அமைதியாகிவிட்டது. கம்பிவேலி சொன்ன டிஎன்எஸ் முகவரியையும் போட்டுவிட்டேன். இரண்டு விளையாட்டிலும் விளம்பரம் இல்லை. சிறுதொழில் மன்னிக்க வேண்டும்.

சிறுதொழில்
மன்னிக்க நான் யார். அம்மாவுக்கு எப்படி இருக்கிறது என்று ஒரு வாரம் கழித்துச் சொல்லுங்கள்.

தாழ்வாரம்
ஒரு வாரம் ஆகிவிட்டது. நான் எதிர்பார்க்காத இடத்திலிருந்து புகார் வந்திருக்கிறது.

சொல் விளையாட்டில் ஒரு சொல் பிடிபடாவிட்டால் விளக்குப் படத்தைத் தொட வேண்டும். ஒரு விளம்பரம் ஓடும். முடிந்ததும் ஓர் எழுத்தைக் காட்டிக்கொடுக்கும். இப்போது விளக்கைத் தொட்டால் 'காணொளி கிடைக்கவில்லை' என்று வருகிறது. மூன்று நாளாக ஒரே சொல்லில் மாட்டிக்கொண்டிருக்கிறார். 'அந்த விளம்பரத்தை ஏன் எடுத்தாய்? அது ஓடுகிற நேரத்தில்தான் கண்ணுக்குச் சொட்டு மருந்து போட்டுக்கொள்வேன்' என்கிறார். எனக்குப் பதில் வரவில்லை. அந்த ஒன்றை மட்டும் திறந்துவிட வழி உண்டா, கம்பிவேலி?

கம்பிவேலி
எழுத மனமில்லாமல் எழுதுகிறேன்: இல்லை. சொந்தமாக விலக்குப் பட்டியல் வைத்துக்கொள்ளும் டிஎன்எஸ் சேவைகள் இருக்கின்றன. ஆனால் பரிசு விளம்பரமும் திடீரென்று வரும் விளம்பரமும் அதே வலையமைப்பின் அதே பெயர்களிலிருந்துதான் வருகின்றன. டிஎன்எஸ்ஸுக்குத் தெரிவது பெயர் மட்டும்தான். அது கேட்டு வந்ததா, கேட்காமல் வந்ததா என்று அதற்குத் தெரியாது. ஒன்றைத் திறந்தால் இரண்டும் உள்ளே வரும். யூடியூபின் விளம்பரங்களை இந்த வழியில் தடுக்க முடியாததும் இதனால்தான். காணொளியும் விளம்பரமும் ஒரே வாசலில் வருகின்றன.

சிறுதொழில்
கணக்கர் சொன்ன பொத்தானைப் பாருங்கள். என் விளையாட்டில் விளம்பர நீக்கம் வாங்கினால் இடையில் வருவது மட்டும்தான் நிற்கும். விளக்கு அப்படியே இருக்கும். பலரும் அப்படித்தான் வைத்திருப்பார்கள். வாங்கும் முன் அந்தப் பக்கத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று படித்துவிடுங்கள்.

தாழ்வாரம்
படித்தேன், அப்படித்தான் எழுதியிருக்கிறது. வாங்கிவிட்டேன். டிஎன்எஸ்ஸை மறுபடி 'தானியங்கி'க்கு மாற்றினேன். அம்மா மூன்று நாள் சொல்லை விளக்கு வைத்து முடித்துவிட்டார். சொட்டு மருந்தும் ஆயிற்று. பிளே ஸ்டோரில் பணம் கட்ட ஒவ்வொரு முறையும் கடவுச்சொல் கேட்கும்படி வைத்திருக்கிறேன், விரல் எங்கே போகும் என்று சொல்ல முடியாது.

சீட்டு விளையாட்டில் அந்தப் பொத்தானே இல்லை. அதை நீக்கிவிட்டு, திறந்தமூலச் செயலிகளின் கிடங்கான எஃப்-டிராய்டில் விளம்பரமே இல்லாத திறந்தமூலச் சீட்டு விளையாட்டு ஒன்றை எடுத்துப் போட்டேன்.

கருவாலி
நல்ல முடிவு. எஃப்-டிராய்டை நிறுவுவதற்காக 'அறியாத மூலங்களிலிருந்து நிறுவு' என்ற அனுமதியை உலாவிக்குக் கொடுத்திருப்பீர்கள். அதை இன்றே திரும்ப எடுத்துவிடுங்கள். விளம்பரத்தைத் தொட்டு ஏதாவது இறங்கினால் அந்த வழியாகத்தான் உள்ளே வரும். விளம்பரம் நீக்கிய 'மாற்றப்பட்ட' செயலிக்கோப்பு என்று யாராவது அனுப்பினாலும் வேண்டாம். அதற்குள் வேறு என்ன மாற்றினார்கள் என்று யாருக்கும் தெரியாது.

கம்பிவேலி
என் டேப்லெட்டில் டிஎன்எஸ் அப்படியேதான் இருக்கும். எனக்கு விளக்கு தேவைப்படுவதில்லை.

சிறுதொழில்
பன்னிரண்டாம் நிலைக்கு வாருங்கள், பார்க்கலாம்.

தாழ்வாரம்
அனுமதியை எடுத்துவிட்டேன், கருவாலி. கடைசியாக ஒரு கேள்வி. புதிய சீட்டு விளையாட்டில் சீட்டின் மூலையில் உள்ள எண் அம்மாவுக்குச் சிறியதாகத் தெரிகிறதாம். எட்டையும் ஆறையும் மாற்றி வைத்துவிட்டு, நகரவில்லை என்று என்னைக் கூப்பிடுகிறார். பெரிதாக்க முடியுமா?

மைனா
அமைப்பில் சீட்டின் தோற்றத்தை மாற்றும் இடம் இருக்கிறதா என்று பாருங்கள். பெரிய எண் போட்ட கட்டு ஒன்று பெரும்பாலும் இருக்கும். டேப்லெட்டைக் கிடைமட்டமாகத் திருப்பிப் பிடிக்கச் சொல்லியும் பாருங்கள். சில விளையாட்டுகளில் அதிலேயே சீட்டு பெரிதாகிவிடும்.